தின்னனூர்த் தோழியின் சிவப்பு நட்சத்திரம்



போன வாரம் வந்த கடிதக் கட்டில் ஒரு உறை மட்டும் தலையணை மாதிரி உப்பிக்கொண்டு இருந்தது. விடுகதை, ஜோக், 'நான் வரைந்த மயில்' என்று நீங்கள் அனுப்பியதை எல்லாம் ஒரு பக்கம் எடுத்து வைத்துவிட்டு, அதைத்தான் முதலில் பிரித்தேன். உள்ளே நாலு பக்கக் கடிதம். கூடவே எட்டாக மடித்த ஒரு சார்ட் பேப்பர். விரித்தால் மேஜை முழுக்க வானம்! கறுப்பு கிரேயானைத் தேய்த்துத் தேய்த்து வானத்தைத் தீட்டி, நடுவில் செக்கச்செவேல் என்று ஒரு நட்சத்திரம். அதைச் சுற்றி மூன்று கிரகங்கள். ஓரத்தில் ஸ்கேல் வைத்துக் கோடு போட்டு, 'செம்பொறி மண்டலம்' என்று தலைப்பு.

அனுப்பியவள் திருநின்றவூரில் ஏழாம் வகுப்பு படிக்கும் நம் வாசகி. ஆவடி தாண்டித் திருவள்ளூர் போகும் மின்சார ரயிலில், நெமிலிச்சேரிக்கு அடுத்த நிலையம். ஸ்டேஷன் போர்டில் திருநின்றவூர் என்று இருக்கும். அக்கம்பக்கத்து ஊர்க்காரர்கள் வாயில் அது தின்னனூர்! 'பேரைப் போட்டுடாதீங்க மாமா' என்று கேட்டிருப்பதால், தின்னனூர்த் தோழி என்றே நாம் அவளை அழைப்போம்.

செம்பொறி என்ற நட்சத்திரம் எந்தப் பஞ்சாங்கத்திலும் இல்லை. எந்த விஞ்ஞானப் புத்தகத்திலும் இல்லை. அது தோழியின் தலைக்குள் பிறந்தது. ஒரு வருஷமாக அதைப் பற்றிக் கணக்கு ரஃப் நோட்டின் கடைசிப் பக்கங்களில் எழுதி வந்திருக்கிறாள். முதல் கிரகத்துக்காரர்களுக்குக் கைக்கு ஆறு விரல். அதனால் அவர்கள் பத்துப் பத்தாக எண்ண மாட்டார்கள்; பன்னிரண்டு பன்னிரண்டாகத்தான் எண்ணுவார்கள். இரண்டாம் கிரகத்தில் மழை கீழேயிருந்து மேலே பெய்யும். அங்கே குடையைச் செருப்பு மாதிரிக் காலில் மாட்டிக்கொள்ள வேண்டும்! இதைப் படித்து நான் சிரித்த சிரிப்பில் பக்கத்து மேஜைக்காரர் எழுந்து வந்துவிட்டார்.

நாலாம் பக்கத்தில் சிரிப்பு நின்றுவிட்டது.

ஒரு நாள் வகுப்பில் அந்த நோட்டு ஆசிரியை கையில் சிக்கியிருக்கிறது. 'இந்த நட்சத்திரம் எந்தப் புத்தகத்தில் வருது?' என்று கேட்டிருக்கிறார். 'எதிலும் இல்லை மிஸ், நானே நினைச்சது' என்று இவள் சொல்ல, வகுப்பே சிரித்திருக்கிறது. அன்றிலிருந்து அவளுக்குப் பட்டப்பெயர் 'பொய்க்காரி'. வீட்டில் வந்து சொன்னால் பெரியம்மா, 'இல்லாததை இருக்குன்னு எழுதினா அது பொய்தானே? பரீட்சைக்கு வர்றதைப் படி' என்றாராம். ஒரு மாதமாக அவள் எதுவும் எழுதவில்லை. கடைசி வரி இதுதான்: 'ஆசிரியர் மாமா, நான் பொய் சொல்றேனா? அப்படின்னா நோட்டைப் பழைய பேப்பர்காரர் கிட்ட போட்டுடறேன். சார்ட்டை மட்டும் போட மனசு வரலை. அதான் உங்களுக்கு அனுப்பிட்டேன்.'

இப்படி ஒரு கடிதம் வந்தால் 'கற்பனை நல்லது, தொடர்ந்து எழுது' என்று ஒரு வரியில் பதில் போட்டுவிடலாம். ஆனால் அவள் கேட்டது ஒரு நேர்மையான கேள்வி. இல்லாத ஒன்றைப் பற்றி எழுதுவது பொய்யா? நானும் இரண்டு நாள் யோசித்தேன். பதில் வேறு எங்கும் இல்லை, அவள் ஊரிலேயே இருக்கிறது!

திருநின்றவூரில் இருதயாலீஸ்வரர் கோயில் என்று ஒரு கோயில் உண்டு. இருதயம் என்றால் நெஞ்சு. நெஞ்சைக் கோயிலாகக் கொண்ட ஈசுவரர் என்று அர்த்தம். இந்தப் பெயருக்குக் காரணமானவர் பூசலார். அவருடைய கதையை, குன்றத்தூர்க்காரரான சேக்கிழார் 12ஆம் நூற்றாண்டில் எழுதிய பெரியபுராணத்தில் சொல்லியிருக்கிறார்.

பூசலாருக்குச் சிவனுக்கு ஒரு கோயில் கட்ட ஆசை. கையில் காசு கிடையாது. எங்கெங்கோ அலைந்து கேட்டுப் பார்த்தார். ஒன்றும் பெயரவில்லை. நாமாக இருந்தால் 'சரி, விடு' என்று போயிருப்போம். அவர் உட்கார்ந்து, மனசுக்குள்ளேயே கோயில் கட்ட ஆரம்பித்தார்.

எப்படிக் கட்டினார் என்பதுதான் எனக்கு ரொம்பப் பிடித்த இடம். கண்ணை மூடினார், கோயில் வந்துவிட்டது என்று கதை போகவில்லை. மனசுக்குள்ளேயே முதலில் பொருள் சேர்த்தார். வேலைக்கு வேண்டிய சாமான்களைத் தேடினார். தச்சர்களை அழைத்தார். நல்ல நாள் பார்த்து அஸ்திவாரம் போட்டார். இராத்திரியும் கண் மூடாமல், அடித்தளத்திலிருந்து ஒவ்வொரு பகுதியாக மேலே எழுப்பினார். சிகரம் வைத்தார், ஸ்தூபி நட்டார், சுண்ணாம்புச் சுதை வேலைகளை முடித்தார். அதோடு விட்டாரா? கிணறு தோண்டினார்! மதில் எழுப்பினார்! குளம் வெட்டினார்! எல்லாம் முடிந்த பிறகுதான் கும்பாபிஷேகத்துக்கு நாள் குறித்தார்.

மனசுக்குள் கட்டும் கோயிலுக்குக் கிணறு எதற்கு? யோசித்துப் பாருங்கள். அபிஷேகத்துக்குத் தண்ணீர் வேண்டும். கோயிலுக்கு வருகிறவர்கள் கால் கழுவக் குளம் வேண்டும். ஆடு மாடு உள்ளே நுழையாமல் இருக்க மதில் வேண்டும். நினைப்பில்தானே கட்டுகிறோம் என்று அவர் எதையும் விட்டுவிடவில்லை.

அதே சமயம் காஞ்சிபுரத்தில் பல்லவ அரசன் ஒருவன் பெரிய கற்கோயில் கட்டி முடித்து, கும்பாபிஷேகத்துக்கு நாள் வைத்திருந்தான். அவன் ராஜசிம்மன் என்றும், அந்தக் கோயில்தான் இன்றும் நாம் சுற்றுலா போய்ப் பார்க்கும் கைலாசநாதர் கோயில் என்றும் வரலாற்று ஆசிரியர்கள் பலர் கருதுகிறார்கள். கைலாசநாதர் கோயிலுக்கு வயது சுமார் 1300. கதையைக் கேளுங்கள். அரசன் கனவில் சிவன் வந்து, 'நின்றவூரில் பூசல் என்பவன் கட்டிய கோயிலுக்கு நாளைக்கு நான் போகிறேன். நீ வேறு நாள் வைத்துக்கொள்' என்கிறார். தன் கோயிலைவிடப் பெரிய கோயிலா என்று அரசன் ஆச்சரியத்தோடு திருநின்றவூருக்கே வந்துவிடுகிறான். ஊர்க்காரர்களிடம் 'பூசலார் கட்டிய கோயில் எங்கே?' என்று கேட்கிறான். 'அவர் கோயில் எதுவும் கட்டவில்லையே!' என்கிறார்கள்.

கடைசியில் பூசலாரிடமே போய் நிற்கிறான் அரசன். இங்கேதான் நம் தோழியின் கேள்விக்குப் பதில். எதிரே நிற்பவன் நாடாளும் அரசன். 'ஆமாம், கட்டினேன், ஆனால் மாயமாய் மறைந்துவிட்டது' என்று பூசலார் கதை விட்டிருக்கலாம். அவர் அப்படிச் செய்யவில்லை. காசு கிடைக்கவில்லை, அதனால் மனசுக்குள் கட்டினேன் என்று உள்ளதை உள்ளபடி சொல்லிவிடுகிறார். அரசன் விழுந்து கும்பிட்டுவிட்டுக் காஞ்சிக்குத் திரும்புகிறான்.

பார்த்தீர்களா? 'எந்தப் புத்தகத்தில் வருது?' என்று மிஸ் கேட்டபோது நம் தோழி என்ன சொன்னாள்? 'எதிலும் இல்லை, நானே நினைச்சது' என்றாள். பூசலார் அரசனிடம் சொன்ன அதே பதில்! 'நாசாவிலே கண்டுபிடிச்சிருக்காங்க மிஸ்' என்று அவள் அடித்துவிட்டிருந்தால் அதற்குப் பெயர் பொய். நினைத்ததை நினைத்தது என்று சொன்னவளைப் பொய்க்காரி என்று கூப்பிடுவது என்ன நியாயம்? அந்த வகுப்பில் படிக்கும் யாராவது இதைப் படிக்க நேர்ந்தால், இன்றோடு அந்தப் பட்டப்பெயரை விட்டுவிடுங்கள் கண்ணுகளா.

ஆனால் இதோடு தோழியைத் தட்டிக் கொடுத்துவிட்டு எழுந்து போக எனக்கு மனசில்லை. அவளுடைய கோயிலில் கிணறு இருக்கிறதா என்று பார்க்க வேண்டாமா? சார்ட்டை இன்னொரு முறை விரித்தேன்.

ஒரு இடத்தில் சறுக்கியிருக்கிறாள். 'செம்பொறி சூரியனைவிட ரொம்ப ரொம்பச் சூடு. அதனால்தான் சிவப்பு' என்று எழுதியிருக்கிறாள். நிறைய பேர் அப்படித்தான் நினைக்கிறோம். தண்ணீர்க் குழாயில் சிவப்பு என்றால் வெந்நீர், நீலம் என்றால் பச்சைத் தண்ணீர். ஆனால் நட்சத்திரக் கணக்கு நேர் எதிர்!

உங்கள் பக்கத்தில் இரும்புப் பட்டறை இருந்தால் தூர நின்று பாருங்கள். இரும்பைக் காய்ச்சும்போது முதலில் மங்கலான சிவப்பு வரும். இன்னும் காய்ச்சினால் ஆரஞ்சு, அப்புறம் மஞ்சள், அதற்கும் மேலே போனால் வெண்மை. அதாவது சிவப்புதான் ஆரம்பச் சூடு. நட்சத்திரமும் அப்படியே. நம் சூரியனின் மேற்பரப்பு சுமார் 5500 டிகிரி செல்சியஸ். சிவப்பு நட்சத்திரங்களுக்குச் சுமார் 3000 டிகிரிதான். நீலமாக ஜொலிப்பவை 10,000, 20,000 டிகிரியைத் தாண்டிப் போகும். (கேஸ் அடுப்பு நீலமாக எரிவதற்குக் காரணம் வேறு. அதை வைத்து என்னைக் கேள்வி கேட்டு மடக்காதீர்கள்!)

அப்படியானால் செம்பொறியின் நிறத்தை மாற்ற வேண்டுமா? வேண்டாம். சிவப்பாகவே இருக்கட்டும். அது சூடு குறைந்த, சின்ன நட்சத்திரம் என்று வைத்துக்கொண்டால் போதும். குளிர்காலத்தில் நெருப்பு சின்னதாக இருந்தால் நாம் என்ன செய்வோம்? கிட்டே போய் உட்காருவோம். ஆறு விரல்காரர்களின் கிரகத்தையும் நட்சத்திரத்துக்குக் கிட்டே தள்ள வேண்டும். கிட்டே போனால் ஒரு சுற்றுச் சுற்றி வர ஆகும் காலம் குறைந்துவிடும். அங்கே வருஷம் ரொம்பச் சின்னது!

எவ்வளவு சின்னது என்பதற்கு உண்மையான உதாரணமே இருக்கிறது. சூரியனை விட்டால் நமக்கு மிகப் பக்கத்தில் இருக்கும் நட்சத்திரம் பிராக்சிமா செண்டாரி. அதன் ஒளி நம்மிடம் வந்து சேர 4 வருஷத்துக்குக் கொஞ்சம் மேலே ஆகும். அதுவும் சின்ன சிவப்பு நட்சத்திரம்தான். அதை ஒரு கிரகம் சுற்றுவதை 2016இல் கண்டுபிடித்தார்கள். அந்தக் கிரகத்துக்கு ஒரு வருஷம் என்பது நம் கணக்கில் 11 நாள் சொச்சம். நம் தோழிக்கு 12 வயது என்றால், அங்கே போனால் அவளுக்குச் சுமார் 390 வயது! பன்னிரண்டு நாளைக்குள் ஒரு பிறந்தநாள், ஒரு கேக், ஒரு புதுச் சட்டை. முழுப் பரீட்சையும் அதே மாதிரி வந்து தொலையுமே என்று யாரோ முணுமுணுப்பது கேட்கிறது.

இன்னொன்று. இவ்வளவு கிட்டே சுற்றும் கிரகம், நம் நிலா பூமிக்கு ஒரே முகத்தைக் காட்டுகிற மாதிரி, தன் நட்சத்திரத்துக்கு ஒரே பக்கத்தைக் காட்டிக்கொண்டே சுற்றக்கூடும் என்று விஞ்ஞானிகள் கருதுகிறார்கள். அப்படி இருந்தால் ஒரு பக்கம் எப்போதும் பகல், மறு பக்கம் எப்போதும் இரவு. நடுவில் ஒரு வளையம் போல எப்போதும் சாயங்காலம். ஆறு விரல்காரர்கள் எங்கே குடியிருப்பார்கள்? எப்போது தூங்குவார்கள்? பள்ளிக்கூட மணியை எதைப் பார்த்து அடிப்பார்கள்? தோழியின் ரஃப் நோட்டில் இன்னும் இருபது பக்கம் நிரம்பிவிடும் போலிருக்கிறதே!

சரி, இந்தச் செம்பொறியை வானத்தில் எங்கே வைப்பது? சார்ட்டில் 'வானத்தின் நடுவில்' என்று எழுதியிருக்கிறாள். வானத்துக்கு ஏது நடு? ஒரு கற்பனை நட்சத்திரத்துக்கும் விலாசம் வேண்டும். இந்த விஷயத்தில் நமக்கு வழிகாட்ட விசுவாமித்திரர் இருக்கிறார்.

திரிசங்கு கதை உங்களுக்குத் தெரிந்திருக்கும். உடம்போடு சொர்க்கம் போக ஆசைப்பட்ட ராஜா. வசிஷ்டர் முடியாது என்றுவிட்டார். விசுவாமித்திரர் யாகம் செய்து மேலே அனுப்பினார். இந்திரன் கீழே தள்ளினான். திரிசங்கு தலைகீழாக விழுந்துகொண்டே அலற, விசுவாமித்திரர் 'நில்' என்றார். அந்தரத்தில் நின்றான். இதுவரை எல்லோரும் சொல்வார்கள். அதற்கு அப்புறம் நடந்ததைத்தான் பலர் விட்டுவிடுகிறார்கள். கோபம் தாங்காத விசுவாமித்திரர், தெற்கு வானத்தில் புதிதாக ஏழு ரிஷிகளையும் நட்சத்திரக் கூட்டத்தையும் படைக்க ஆரம்பித்துவிட்டார்! அடுத்து இந்திரனையே புதிதாகப் படைக்கப் போகிறேன் என்றதும் தேவர்கள் ஓடி வந்தார்கள். கடைசியில் ஒரு சமாதானம். புது நட்சத்திரங்கள் அப்படியே இருக்கட்டும். ஆனால் வைசுவாநரப் பாதை என்ற, வழக்கமான நட்சத்திரங்களின் பாதைக்கு வெளியே இருக்கட்டும். அவற்றுக்கு நடுவே திரிசங்கு தலைகீழாகவே பிரகாசிக்கட்டும். வால்மீகி ராமாயணத்தின் பால காண்டத்தில் இது வருகிறது.

கவனித்தீர்களா? சண்டை முடிந்ததும் அவர்கள் முதலில் முடிவு செய்தது 'எங்கே வைப்பது' என்பதைத்தான். கதை என்றாலும் இஷ்டத்துக்கு வைக்கவில்லை. இந்தக் கதையைச் சொன்னவர்கள் தெற்கு வானத்தை அண்ணாந்து பார்த்துப் பழகியவர்களாக இருக்க வேண்டும் என்று எனக்குத் தோன்றுகிறது.

நம் நாட்டில் பலர் திரிசங்கு என்று காட்டுவது, தெற்கே அடிவானத்தை ஒட்டித் தெரியும் தென்சிலுவை நட்சத்திரக் கூட்டத்தை. ஆஸ்திரேலியா, நியூசிலாந்து, பிரேசில் கொடிகளில் இருக்கிறதே, அதேதான். இதில் நமக்கு ஒரு பெருமை உண்டு. டில்லியில் இருக்கும் பிள்ளைகளால் இதை முழுசாகப் பார்க்க முடியாது. அதன் அடி நட்சத்திரம் அங்கே அடிவானத்துக்கு மேலே வருவதே இல்லை! தெற்கே இருப்பதால் நமக்குத் தெரியும். மே மாதம் நடுவில், இரவு 9 மணி வாக்கில், தெற்கே மறைப்பு இல்லாத இடத்தில் நில்லுங்கள். கையை நீட்டி முஷ்டி பிடியுங்கள். அடிவானத்திலிருந்து ஒன்றரை முஷ்டி உயரத்தில் அடி நட்சத்திரம், இரண்டு முஷ்டி உயரத்தில் தலை நட்சத்திரம். நிமிர்த்தி வைத்த காற்றாடி மாதிரி நாலு புள்ளி தெரியும்.

தெரியும் என்று சொல்லிவிட்டேன். திருநின்றவூரில் தெரியுமா? அங்கேதான் சிக்கல். பூந்தமல்லிப் பக்கமும் ஸ்ரீபெரும்புதூர்ப் பக்கமும் இரவெல்லாம் எரியும் விளக்குகளின் வெளிச்சம் தெற்கு அடிவானத்தில் சாம்பல் பூசின மாதிரி நிற்கும். கிழக்கே ஆவடி, அம்பத்தூர் வெளிச்சம். ஆலைகள் ஓட வேண்டும், சாலையில் விளக்கு வேண்டும். ஆனால் விளக்குக்கு மேலே ஒரு மூடி போட்டு வெளிச்சத்தைத் தரைக்குத் திருப்பினால், தரைக்கும் நல்ல வெளிச்சம், வானமும் இருட்டாக இருக்கும். இதைச் செய்யாமல் ஆகாயத்துக்கு விளக்குப் போட்டுக்கொண்டிருக்கிறோம். அதற்கும் சேர்த்துக் கரண்ட் பில் கட்டுகிறோம்! மழை விட்ட ஒரு கோடை இரவில், தூசி அடங்கியிருக்கும் நேரத்தில், அப்பாவையோ அண்ணனையோ துணைக்குக் கூட்டிக்கொண்டு மொட்டை மாடிக்குப் போய்ப் பாருங்கள். தனியாக ஏரிக்கரைக்குப் போகக் கூடாது.

பார்த்தால் இன்னொரு வேடிக்கை புரியும். அந்த நாலு நட்சத்திரமும் பக்கத்துப் பக்கத்து வீடு மாதிரித் தோன்றும். ஆனால் தலை நட்சத்திரம் சுமார் 88 ஒளியாண்டு தூரம். அடி நட்சத்திரம் சுமார் 320 ஒளியாண்டு தூரம். ஒளியாண்டு என்றால் ஒளி ஒரு வருஷத்தில் ஓடும் தூரம். இரண்டுக்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. சிலுவை என்பது நாம் போட்ட கோடு. சப்தரிஷி மண்டலமும் அப்படித்தான். நட்சத்திரம் நிஜம், கோடு கற்பனை. அந்தக் கோடுகள் இல்லாமல் வானத்தில் எதையும் அடையாளம் சொல்ல முடியாது என்பதால், உலக விஞ்ஞானிகளே உட்கார்ந்து வானத்தை 88 மண்டலங்களாகப் பிரித்து, அவற்றுக்கு எல்லைக்கோடு போட்டு, 1930இல் வெளியிட்டார்கள். வகுப்பில் சிரித்தவர்களுக்கு இதையும் சொல்லலாம்!

சிலுவைக்குப் பக்கத்திலேயே, நல்ல இருட்டான இடத்திலிருந்து பார்த்தால், கறுப்பாக ஒரு ஓட்டை மாதிரித் தெரியும். அதற்குப் பெயர் 'கரி மூட்டை'. ஓட்டை கிடையாது, சுமார் 600 ஒளியாண்டு தூரத்தில் இருக்கும் பெரிய தூசி மேகம். பின்னால் இருக்கும் நட்சத்திரங்களை அது திரை போட்டு மறைக்கிறது. செம்பொறிக்கு நான் பார்த்து வைத்திருக்கும் மனை இதுதான். கரி மூட்டைக்குப் பின்னால் வைத்துவிட்டால், 'எங்களுக்கு ஏன் தெரியலை?' என்று யாரும் கேட்க முடியாது பாருங்கள்! சிலுவைக்கு இடது பக்கம் ஆல்ஃபா செண்டாரி என்று பளிச்சென்ற நட்சத்திரம் இருக்கிறது. நாம் பார்த்தோமே, அந்தப் பிராக்சிமா, அதன் கூட்டாளி. கண்ணுக்குத் தெரியாது, தொலைநோக்கி வேண்டும். ஆக செம்பொறிக்கு அதே தெருவில் ஒரு நிஜ அக்காவும் இருக்கிறாள்.

கற்பனை முந்திக்கொண்டு, நிஜம் பின்னால் வந்ததும் உண்டு. 1977இல் வந்த 'ஸ்டார் வார்ஸ்' படத்தில் ஒரு கிரகத்தில் இரண்டு சூரியன்கள் மறையும். இரண்டு நட்சத்திரங்களைச் சுற்றும் கிரகம் ஒன்றைக் கெப்ளர் தொலைநோக்கி கண்டுபிடித்ததாக 2011இல் அறிவித்தார்கள். 1943இல் பிரெஞ்சு எழுத்தாளர் செந்த் எக்சுபெரி எழுதிய கதை ஒன்று தமிழிலும் 'குட்டி இளவரசன்' என்ற பெயரில் வந்திருக்கிறது. அதில் வரும் இளவரசனின் குட்டிக் கிரகத்துக்குப் பெயர் பி 612. 1993இல் கண்டுபிடித்த ஒரு நிஜக் குறுங்கோளுக்கு அந்தப் பெயரையே வைத்தார்கள். அதன் வரிசை எண் 46610. கம்ப்யூட்டர்காரர்கள் பதினாறு பதினாறாக எண்ணும் முறையில் 46610ஐ எழுதினால் என்ன வரும் தெரியுமா? பி612! ஆறு விரல்காரர்கள் பன்னிரண்டு பன்னிரண்டாக எண்ணுகிறார்கள் என்று கேலி செய்தவர்கள் இதைப் போட்டுப் பார்க்கட்டும்.

ஆனால் கற்பனை நட்சத்திரம் எப்போது நிஜ நட்சத்திரமாகும்? அதற்கும் நம் ஊர்க் கதை ஒன்று உண்டு. சென்னை நுங்கம்பாக்கத்தில் ஒரு வானாய்வுக்கூடம் இருந்தது. அங்கே சிந்தாமணி ரகுநாதாச்சாரி என்பவர் வேலை பார்த்தார். 1867இல் அவர் தெற்கு வானத்தில் ஒரு நட்சத்திரம் மங்குவதும் பிரகாசிப்பதுமாக இருப்பதைக் கண்டுபிடித்தார். அதற்கு ஆர் ரெட்டிகுலி என்று பெயர். அதுவும் சென்னையில் ஒன்றரை முஷ்டி உயரத்துக்கு மேலே ஏறாத நட்சத்திரம்தான். ஏறக்குறைய 9 மாதத்துக்கு ஒரு முறை அது பிரகாசமாகும். அப்புறம் தொலைநோக்கியில்கூடத் தேட வேண்டிய அளவுக்கு மங்கிப்போகும். 'நேற்று இருந்தது, இன்றைக்குக் காணோம்' என்றால் யார் நம்புவார்கள்? ஆனால் அவர் நாள், இடம், பிரகாசம் எல்லாவற்றையும் குறித்து வைத்தார். யார் வேண்டுமானாலும் அதே இடத்தைப் பார்த்துச் சரிபார்க்கலாம். பார்த்தார்கள், ஒத்துக்கொண்டார்கள். பூசலார் கோயிலுக்கு அவர் ஒருவர் மனசே போதும். ரகுநாதாச்சாரி நட்சத்திரத்துக்கு ஊரே பார்க்க வேண்டும். இரண்டுக்கும் உள்ள வித்தியாசம் அவ்வளவுதான். இரண்டுக்கும் பட்ட பாடு ஒன்றுதான்.

இந்த இடத்தில் ஒரு எச்சரிக்கை. 'பணம் கட்டுங்கள், ஒரு நட்சத்திரத்துக்கு உங்கள் பெயரை வைத்துச் சர்டிபிகேட் தருகிறோம்' என்று விளம்பரம் செய்கிறவர்கள் உண்டு. அந்தப் பெயரை வானியல் விஞ்ஞானிகள் ஏற்றுக்கொள்வதே இல்லை. அதற்கு அப்பா அம்மாவிடம் காசு கேட்காதீர்கள். நம் தோழியின் சார்ட் பேப்பருக்கு என்ன செலவாகியிருக்கும்?

இனி தோழியோடு மட்டும் ஒரு வார்த்தை. கண்ணு, பழைய பேப்பர்காரருக்கு உன் நோட்டைப் போடாதே. முதல் பக்கத்தில் 'இது என் கற்பனை' என்று பெரிய எழுத்தில் எழுதி வை. கணக்கு நோட்டில் கணக்கைப் போடு. செம்பொறிக்குத் தனி நோட்டு வாங்கிக்கொள். உன் மிஸ்ஸுக்கும் அதில் வருத்தம் இருக்காது. பெரியம்மாவை ஒரு சாயங்காலம் இருதயாலீஸ்வரர் கோயிலுக்குக் கூட்டிப் போ. கருவறையில் ஈசுவரனுக்குப் பக்கத்திலேயே பூசலார் இருப்பார். 'இவர் கட்டினது பொய்யா பெரியம்மா?' என்று மெதுவாகக் கேள். சண்டை போடாதே, கேள்வி மட்டும் கேள்.

உன் சார்ட்டை நான் திருப்பி அனுப்புகிறேன். சிவப்பை அப்படியே விட்டுவிட்டு, பக்கத்தில் எழுதிய சூட்டை மட்டும் திருத்திக்கொள். முதல் கிரகத்தைக் கிட்டே தள்ளு. அப்புறம் ஒரு சந்தேகம். இரண்டாம் கிரகத்தில் மழை கீழேயிருந்து மேலே போகிறது என்கிறாயே, மேலே போன தண்ணீர் எல்லாம் எங்கே போய்ச் சேர்கிறது? கிணறு எந்தப் பக்கம் தோண்டுவார்கள்? அடுத்த கடிதத்தில் எழுது.

அன்புடன்,
ஆசிரியர்